பின்வாசல் மரியாதை

ஹாஸ்யம் எழுதுகிறவர்களைப் பற்றிப் படித்தவர்களுக்குள்ளே ஓர் அபிப்பிராயம் உண்டு. அதை அவர்கள் வெளிப்படையாகச் சொல்லுவதில்லை. 'என்னமாய் எழுதுகிறார்! சிரித்துச் சிரித்து வயிறு புண்ணாகிவிட்டது' என்றுதான் ஆரம்பிப்பார்கள். அடுத்த வாக்கியத்தில், 'ஆனால் இலக்கியம் என்று பேச வந்தால் அது வேறே' என்று குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். கல்யாண வீட்டில் சமையற்காரரின் கைமணத்தை ஊரெல்லாம் புகழ்ந்துவிட்டு, அவருக்கு மட்டும் கொல்லைப்புறத்தில் இலை போடுகிற மரியாதை இது.

இந்த மரியாதையை நான் வன்மையாக எதிர்க்கிறேன். அழ வைக்கிறவன் உயர்ந்தவன், சிரிக்க வைக்கிறவன் ஒரு படி தாழ்ந்தவன் என்று எந்த சாஸ்திரம் சொல்லுகிறது? தெரு விபத்தைப் பார்த்தாலே நமக்குக் கண்ணீர் வந்துவிடும். அதற்கு எழுத்தாளன் தேவையில்லை. முன்பின் தெரியாத ஆயிரம் பேரை ஒரே கணத்தில், ஒரே சொல்லுக்குச் சிரிக்க வைக்க வேண்டுமானால் அதற்குத் தனித் திறமை வேண்டும். வானொலிக்கும் டெலிவிஷனுக்கும் தவணை தவறாமல் அதை எழுதிக் கொடுக்க வேண்டுமென்றால், திறமையோடு மாட்டின் உழைப்பும் வேண்டும். இப்படி உழைத்தவர்களை உலகம் எப்படி நடத்துகிறது என்பதற்கு ஹாலந்து தேசத்து உதாரணம் ஒன்றைச் சொல்லுகிறேன்.

ஆன்னி எம். ஜி. ஷ்மிட் என்ற அம்மையாரின் பெயரை வாசகர்களில் சிலர் கேள்விப்பட்டிருக்கலாம். கேள்விப்பட்டவர்கள், 'ஓ, அந்தக் குழந்தைப் புத்தகங்கள் எழுதினவரா?' என்பார்கள். அந்தப் பதில்தான் என் வழக்கின் முதல் சாட்சி. யிப் என்ற பையனும் யன்னெகெ என்ற பெண்ணும் அடிக்கிற லூட்டிகளை அவர் எழுதினார். ஃபீப் வெஸ்டன்டோர்ப் அம்மையார் அவர்களைக் கறுப்பு நிழலுருவங்களாகச் சித்திரம் தீட்டினார். அந்தக் கதைகளைக் கேட்காமல் வளர்ந்த டச்சுக் குழந்தையைக் காண்பது அரிது. ஆனால் இதே அம்மையார்தான் டச்சு வானொலியின் மிகப் பிரசித்தமான குடும்ப ஹாஸ்யத் தொடரை எழுதினார். டச்சு டெலிவிஷன் தவழ்ந்துகொண்டிருந்த காலத்தில் அதற்குச் சிரிக்கக் கற்றுக் கொடுத்தவரும் அவர்தான். டச்சு மொழியில் மேடைக்கென்றே புதிதாக ஓர் இசை நாடகம் எழுதி, அந்த வகைக்கே அங்கே வேர் பிடிக்க வைத்தவரும் அவரே. நாற்பது வருஷத் தொழில் இது. இதை அடிக்குறிப்பில் தள்ளிவிட்டுக் குழந்தைப் புத்தகத்தை மட்டும் தலைப்பில் போடுகிறார்கள்.

அவருடைய கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1911-ஆம் வருஷம் மே மாதம் 20-ஆம் தேதி, ஸேலாந்து மாகாணத்தில் கபெல்லெ என்ற கிராமத்தில் பிறந்தார். தகப்பனார் புராட்டஸ்டண்ட் பாதிரியார். பெண் நூலக வேலைக்குப் போனாள், ஆம்ஸ்டர்டாமில் பணிபுரிந்தாள், யுத்த காலத்தில் ஃப்ளிஸ்ஸிங்கன் துறைமுகப் பட்டினத்து நூலகத்தை நிர்வகித்தாள். 1946-இல், ஜெர்மன் ஆக்கிரமிப்பின்போது ரகசியப் பத்திரிகையாகப் பிறந்து வளர்ந்த 'ஹெட் பரோல்' தினசரியில் வேலைக்குச் சேர்ந்தாள். எழுதுவதற்கு அல்ல, பழைய செய்திகளை வெட்டி ஒட்டி வைக்கிற பகுதிக்கு. அந்தக் காரியாலயத்துப் பத்திரிகைக்காரர்கள் பொழுதுபோக்குக்காக ஒரு நகைச்சுவைக் குழு வைத்திருந்தார்கள். 'இங்க்ட்விஸ்' என்று பெயர். மை கக்குகிற கணவாய் மீன் என்று அர்த்தம். பத்திரிகைக்காரர்களுக்குப் பொருத்தமான பெயர்தான். அதற்குப் பாட்டும் வசனமும் எழுதப் போய், முப்பத்தைந்து வயதைத் தாண்டிய பிறகு ஆன்னி ஷ்மிட் ஹாஸ்ய எழுத்தாளரானார்.

1952-ஆம் வருஷத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். யிப்பும் யன்னெகெயும் பத்திரிகையில் தோன்றிய வருஷம் அது. அதே வருஷத்தில்தான் 'டோர்ஸ்னே குடும்பம்' என்ற தொடர் வானொலியில் ஆரம்பமாயிற்று. 'டோர்ஸ்னே' என்றால் சராசரி. சராசரிக் குடும்பம்! அந்தப் பெயரிலேயே பாதி ஹாஸ்யம் இருக்கிறது. அது 1958 வரையில் ஓடியது. ஒரே கை, ஒரே பேனா, ஒரே வருஷம். ஒன்றுக்கு உள்ளே இடம், இன்னொன்றுக்குத் திண்ணை!

அந்த வானொலித் தொடரின் அருமை தெரியவேண்டுமானால் அன்றைய ஹாலந்து எப்படி இருந்தது என்று தெரியவேண்டும். அந்த தேசத்தார் தங்கள் சமூகத்தைத் 'தூண்கள்' என்று சொல்லுவார்கள். கத்தோலிக்கர் ஒரு தூண், புராட்டஸ்டண்டுகள் ஒரு தூண், சோஷலிஸ்டுகள் ஒரு தூண், மிதவாதிகள் இன்னொன்று. ஒவ்வொரு தூணுக்கும் தனிப் பள்ளிக்கூடம், தனிப் பத்திரிகை, தனித் தொழிற்சங்கம், தனிக் கட்சி. வானொலியிலும் ஆளுக்கொரு சங்கம் வைத்து, ஒலிபரப்பு நேரத்தைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தார்கள். ஒரு தூணைச் சேர்ந்தவன் அடுத்த தூண்காரனின் கடையில் ரொட்டி வாங்கவும் யோசிப்பான். ஆன்னி ஷ்மிட் எழுதியது 'வாரா' என்ற சோஷலிஸ்டுகளின் வானொலிச் சங்கத்துக்கு. பாதிரியாரின் மகள் தொழிலாளர் சங்கத்து வானொலிக்கு எழுதினார்; சுவர்களுக்கு அந்தப் பக்கத்திலும் ஜனங்கள் கேட்டார்கள். அரசியல்வாதி செய்ய முடியாததை, பிரசங்கி செய்ய விரும்பாததை, ஒரு சராசரிக் குடும்பத்தின் அற்பச் சண்டைகள் செய்தன. தூணுக்குத் தூண் வேதம் வேறாக இருந்திருக்கலாம். அடுப்பங்கரைத் தகராறு எல்லா வீட்டிலும் ஒன்றுதானே!

அப்புறம் டெலிவிஷன். ஹாலந்தில் அது 1951 அக்டோபரில்தான் பிறந்தது. 1964 வரையில் ஒரே ஓர் அலைவரிசை. 1957 முதல் 1959 வரையில் அதில் ஆன்னி ஷ்மிட்டின் 'பென்ஷன் ஹொம்மெலெஸ்' நடந்தது. 'பென்ஷன்' என்றால் தங்கும் விடுதி. 'ஹொம்மெலெஸ்' என்றால் கலகம், தகராறு. கோர் லெமேர் இசையமைத்தார். அப்போதெல்லாம் நாடகத்தை முன்கூட்டிப் படம் பிடித்து, தப்பை வெட்டி, ஒட்டி வெளியிடுகிற சௌகரியம் கிடையாது. நடிகர் பேசுகிற அந்த நிமிஷத்திலேயே வீடுகளில் ஜனங்கள் பார்த்துக்கொண்டிருப்பார்கள். வசனம் நாக்கில் புரளவில்லையென்றால் அவமானம் உடனடி. அப்படிப்பட்ட மேடைக்கு எழுதுகிறவன் நடிகனின் மூச்சை அறிந்திருக்க வேண்டும். எந்தச் சொல்லில் சிரிப்பு விழுகிறதோ அந்தச் சொல் வாக்கியத்தின் கடைசியில் வரவேண்டும். அதற்குப் பின்னால் ஒரு சொல் மிஞ்சினாலும் சிரிப்பு செத்துப் போகும். இதையெல்லாம் இலக்கணப் புத்தகத்தில் சொல்லித் தருவதில்லை. அந்தத் தொடரில் அமெரிக்காவிலிருந்து வந்த டொனால்ட் ஜோன்ஸ் என்ற நீக்ரோ நடனக்காரருக்கு ஒரு பாத்திரம் கொடுத்தார்கள். அவர் பாடிய காதல் பாட்டைத் தேசமே முணுமுணுத்தது. கறுப்பு மனிதர் ஒருவர் வெள்ளைக்காரர்களின் கூடத்துக்குள்ளே சிரித்துக்கொண்டு நுழைந்தார். அவரை உள்ளே கூட்டிக்கொண்டு போனது ஹாஸ்யம்.

இவற்றுக்கெல்லாம் சிகரம், 1966 முதல் 1968 வரையில் வந்த 'யா சுஸ்டர், நே சுஸ்டர்'. 'ஆமாம் சிஸ்டர், இல்லை சிஸ்டர்' என்று அர்த்தம். நர்ஸம்மாவைக் கூப்பிடுகிற விதத்தில். ஹாரி பன்னிங்க் இசை. கிளிவியா என்ற நர்ஸ் ஓர் ஓய்வில்லம் நடத்துகிறாள். ஹெட்டி பிளோக் அம்மையார் அந்த வேஷம் போட்டார். இல்லத்தில் ஓய்வு எடுக்கிறவர்களைத்தான் காணோம்! என்னத்தையாவது கண்டுபிடித்துக்கொண்டே இருக்கிற ஓர் எஞ்சினியர் இருக்கிறார். கெரிட் என்று ஒரு திருடன் இருக்கிறான். லேன் யோங்கெவார்ட் நடித்த பாத்திரம். உலகத்துக்கு உதவாதவர்களெல்லாம் அந்த வீட்டுக்குள் இருக்கிறார்கள். அடுத்த வீட்டில் ஒரு கனவான் குடியிருக்கிறார். போர்டெஃபோல் என்று பெயர். விளிம்பு வரையில் நிரம்பி வழிகிறது என்று பொருள். அவருக்குச் சத்தம் ஆகாது, பாட்டு ஆகாது, இந்த மனிதர்களே ஆகாது. எப்படியாவது இவர்களைத் துரத்திவிட வேண்டும் என்பதே அவருடைய வாழ்க்கை லட்சியம்.

இதில் என்ன கருத்து இருக்கிறது என்று கேட்கிற விமர்சகர் இருக்கிறார். அவருக்காகவே சொல்லுகிறேன். சிரிப்பு யார்மேல் விழுகிறது என்று பாருங்கள். திருடன்மேல் விழவில்லை; பைத்தியக்காரத்தனமாகக் கண்டுபிடிப்பு நடத்துகிறவர்மேலும் விழவில்லை. சட்டத்தையும் ஒழுங்கையும் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு அலைகிற அடுத்த வீட்டுக்காரர்மேல்தான் விழுகிறது. யுத்தத்துக்குப் பிறகு எல்லாவற்றையும் துடைத்து, அடுக்கி, ஜன்னலுக்குத் திரை போட்டு உட்கார்ந்திருந்த ஒரு நடுத்தர வர்க்கத் தேசம் தன் கூடத்திலேயே உட்கார்ந்து தன்னைப் பார்த்துச் சிரித்தது. இதே விஷயத்தை முந்நூறு பக்க நாவலில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு எழுதியிருந்தால், விமர்சகர் 'சமூகப் பிரக்ஞை' என்று எழுதி, பக்கத்தில் ஓர் ஆச்சரியக்குறியும் போட்டிருப்பார்.

மேடைக்கு அவர் எழுதியதும் இந்த ரகம்தான். நேர்மையே நெடுநாள் நிலைக்கும் என்று டச்சுக்காரர்களிடம் ஒரு பழமொழி. அந்த 'நேர்மை' என்ற சொல்லுக்கு முன்னால் ஓர் எழுத்தைச் சேர்த்தால் டச்சில் 'இனிமை' ஆகிவிடும். 1965-இல் ஆன்னி ஷ்மிட் அந்த ஓர் எழுத்தைச் சேர்த்துத் தம் முதல் இசை நாடகத்துக்குத் தலைப்பு வைத்தார். கோனி ஸ்டூவர்ட் அம்மையார் பிரதான வேஷம். கதை, மனைவி இருக்க இன்னொருத்தியிடம் மனத்தைப் பறிகொடுத்த கணவனைப் பற்றியது. தலைப்பிலுள்ள அந்த ஓர் எழுத்தில் ஊர் ஒழுக்கம் முழுவதும் ஆட்டம் கண்டுவிடவில்லையா? 1977-இல் வந்த 'ஃபாக்ஸ்ட்ராட்', 1930-களின் ஹாலந்தைக் காட்டியது. வேலையில்லாத் திண்டாட்டம், ஆணை நேசிக்கிற ஆண் ஒளிந்து வாழ்கிற அவலம், எல்லையில் நெருங்கிவரும் நாஜி நிழல் எல்லாம் அதில் உண்டு. இதை எழுதியவரையும் 'லேசான சரக்கு எழுதுகிறவர்' என்றுதான் சொல்லுவீர்களா?

இனி, எதிர்க்கட்சியின் வாதங்களுக்கு வருகிறேன்.

முதல் வாதம்: 'ஆர்டர் பிடித்துக் காசுக்கு எழுதுகிற எழுத்து எப்படிக் கலையாகும்?' ஐயா, காசு வாங்கிக்கொண்டு சித்திரம் எழுதியவர்கள்தான் ஆம்ஸ்டர்டாம் காட்சிசாலையின் சுவர்களை அலங்கரிக்கிறார்கள். ரெம்பிராண்டின் 'இரவுக் காவல்' படம் நகரக் காவற்படைக்காரர்கள் பணம் கொடுத்து எழுதி வாங்கியதுதானே? தேதி குறித்துக் கேட்டால் கலை ஓடிப்போய்விடும் என்பது வேலை செய்ய மனமில்லாதவர்கள் கட்டிவிட்ட கதை. தவணை சிலரைக் கெடுக்கும், வாஸ்தவம். ஆன்னி ஷ்மிட்டும் தவணைக்காக எழுதியதில் சப்பென்று போனவை இருக்கத்தான் செய்யும். மகாகாவியம் எழுதியவர்களிடம் சப்பென்ற பகுதிகள் இல்லையா? அவர்களுக்குச் செய்கிற தள்ளுபடியை இவருக்கும் செய்யுங்கள் என்கிறேன். அதற்கு மேல் கேட்கவில்லை.

இரண்டாவது வாதம்: 'அது கூட்டு முயற்சி, நடிகரும் இசையமைப்பாளரும் சேர்ந்து செய்தது, எழுத்தாளருக்கு அதில் என்ன பங்கு?' நாடகம் எல்லாமே கூட்டு முயற்சிதான். அதனால் நாடகாசிரியன் இல்லாமல் போய்விடவில்லை. ஹாரி பன்னிங்க் மேதை, சந்தேகமில்லை. ஆனால் அவர் மெட்டமைத்த அந்த வரிகள் ஆகாயத்திலிருந்து விழவில்லை. தவிரவும், இந்த வாதத்தில் ஒரு வேடிக்கை பாருங்கள். நகைச்சுவை நன்றாக அமைந்தால் நடிகருக்கு மாலை. அமையாவிட்டால், 'வசனம் சரியில்லை' என்று எழுத்தாளர் தலையில் போடுவார்கள். லாபத்தில் பங்கில்லாமல் நஷ்டத்தில் மட்டும் கூட்டாளியாக இருக்கிற ஒரே ஜீவன் ஹாஸ்ய வசனம் எழுதுகிறவன்தான்.

மூன்றாவது வாதம்தான் எனக்கு ரத்தத்தைக் கொதிக்கச் செய்கிறது. 'ஹாஸ்யம் நிலைத்து நிற்காது. அன்றைக்குச் சிரித்தோம், அன்றோடு போயிற்று' என்கிறார்கள். எப்படி நிலைத்து நிற்கும்? நீங்கள் நிற்க விட்டீர்களா? 'யா சுஸ்டர், நே சுஸ்டர்' மொத்தம் 20 பகுதிகள். பெரும்பகுதி இன்று கிடையாது. ஒளிப்பதிவு நாடா அப்போது விலை அதிகம். ஆகவே பழைய நாடாக்களை அழித்து, அவற்றின்மேலேயே வேறு நிகழ்ச்சிகளைப் பதிவு செய்துகொண்டார்கள். தேசம் முழுவதும் பாடிச் சிரித்த நாடகத்தைப் பலகையில் எழுதின கணக்கு மாதிரி துடைத்துவிட்டார்கள். 'பென்ஷன் ஹொம்மெலெஸ்'ஸின் கதியும் ஏறக்குறைய இதுதான். ஹாலந்தை மட்டும் குற்றம் சொல்லிப் பயனில்லை. இங்கிலாந்தில் பி.பி.சி.க்காரர்களும் பீட்டர் குக், டட்லி மூர் இருவரின் புகழ்பெற்ற ஹாஸ்ய நிகழ்ச்சியில் பல பகுதிகளை இப்படித்தான் அழித்தார்கள்.

நாடா விலை அதிகம் என்பது காரணம் ஆகலாம், சமாதானம் ஆகாது. வீட்டில் பஞ்சம் வந்தால் எதையாவது விற்கத்தான் வேண்டும். ஆனால் எதை முதலில் எடுத்து வெளியே வைக்கிறோம் என்பதில்தான் நம் மனசு தெரியும். சிரிப்பை முதலில் தூக்கி எறிந்துவிட்டு, 'பார், சிரிப்பு நிலைக்கவில்லை' என்று தத்துவம் பேசுவது, விளக்கை ஊதி அணைத்துவிட்டு இருட்டைப் பற்றிப் புகார் சொல்லுவதைப் போன்றது.

இத்தனைக்கும் அது நிலைத்துத்தான் நின்றது. பாட்டுக்கள் இசைத்தட்டில் தப்பிப் பிழைத்தன. தாய்மார்கள் அவற்றைப் பிள்ளைகளுக்குப் பாடினார்கள். 2002-ஆம் வருஷம் பீட்டர் கிராமர் என்ற டைரக்டர் அந்தப் பழைய தொடரைத் திரைப்படமாக எடுத்தார். நர்ஸ் கிளிவியாவாக லூஸ் லூகா நடித்தார். மூலத்தின் பெரும்பகுதி அழிந்து போன ஒரு நாடகம் முப்பத்து நாலு வருஷம் கழித்து எழுந்து நடக்கிறதென்றால், அதை இத்தனை காலமும் சுமந்தது யார்? ஆவணக் காப்பகம் அல்ல, அடுப்பங்கரை. நிலைத்து நிற்பது என்பதற்கு இதைவிட வேறென்ன அத்தாட்சி வேண்டும்?

'அவருக்குப் பரிசுகள் கிடைத்தனவே' என்று யாராவது சொல்லுவீர்கள். கிடைத்தன; மறுக்கவில்லை. 1964-இல் குழந்தை இலக்கியத்துக்கான அரசாங்கப் பரிசு. 1988-இல் ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன் பதக்கம். ஸ்வீடன் தேசத்து அஸ்ட்ரிட் லிண்ட்கிரென் அம்மையாரின் கையால் அதை வாங்கினார். உலகத்தில் குழந்தைகளுக்கு எழுதுகிறவர்கள் பெறக்கூடிய மிக உயர்ந்த கௌரவம் அது. அவருக்கு அது தகும், ஒன்றுக்கு இரண்டாகவே தகும். ஆனால் பாருங்கள், கதவு எந்தப் பக்கம் திறந்தது? 'குழந்தைகளுக்கு எழுதினார்' என்ற வாசல் வழியாக அவரை உள்ளே அழைத்தார்கள். பெரியவர்களைப் பார்த்து, அவர்கள் முகத்துக்கு நேரே சிரித்த ஆன்னி ஷ்மிட்டுக்கு அந்த வாசலில் வேலை இல்லை. வாழ்நாள் எழுத்து முழுவதற்கும் தருகிற கோன்ஸ்டன்டைன் ஹொய்கன்ஸ் பரிசு அவருக்கு வந்து சேர்ந்தது 1987-இல். 'சராசரிக் குடும்பம்' ஒலிபரப்பாகி முப்பத்தைந்து வருஷம் ஆகிவிட்டிருந்தது. அவருக்கு வயது 76. கண் பார்வை மங்கிக்கொண்டிருந்தது. பசித்த காலத்தில் கொல்லைப்புறத்தில் இலை போட்டுவிட்டு, பல் விழுந்த பிறகு முதல் பந்தியில் முறுக்குப் பரிமாறுகிற உபசாரம்!

குழந்தைக் கதையை நான் தாழ்த்திப் பேசுவதாக யாரும் நினைக்க வேண்டாம். நான் சொல்லுவது நேர்மாறு. அந்தக் குழந்தைக் கதைகளின் உயிரே ஹாஸ்ய நாடகக்காரியின் காதுதான். பேச்சை அப்படியே பிடிக்கிற காது. அதிகாரம் பண்ணுகிறவனைக் கண்டால் நமைச்சல் எடுக்கிற புத்தி. ஒரு சொல்லும் மிஞ்சாத சிக்கனம். இவற்றை அவர் வானொலியிலும் மேடையிலும் தீட்டித் தீட்டிக் கூர்மையாக்கிக்கொண்டார். மரத்தை வெட்டிப் போட்டுவிட்டுப் பழத்துக்கு மட்டும் பரிசு கொடுக்க முடியாது.

ஆன்னி ஷ்மிட் 1995 மே 21-ஆம் தேதி, தமது 84-ஆவது பிறந்த நாளுக்கு மறுநாள் காலமானார். 2006-ஆம் வருஷம் ஹாலந்தில் அறிஞர் குழு ஒன்று, தேசத்தின் கதையைப் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்லுவதற்காக 50 விஷயங்களைப் பொறுக்கி எடுத்தது. அவற்றை 'ஜன்னல்கள்' என்று அழைத்தார்கள். எராஸ்மஸுக்கு ஒரு ஜன்னல், ஸ்பினோசாவுக்கு ஒன்று, ரெம்பிராண்டுக்கு ஒன்று, வான் கோவுக்கு ஒன்று. ஆன்னி ஷ்மிட்டுக்கும் ஒன்று வைத்தார்கள். சந்தோஷம்தான். ஆனால் அந்த ஜன்னலைத் திறந்து பார்க்கிற பிள்ளைக்கு எதைக் காட்டுவார்கள்? பார்க்க வேண்டிய காட்சியில் பாதியைத் துடைத்துவிட்டு அல்லவா ஜன்னல் வைத்திருக்கிறார்கள்!

கதை படிக்கிற வாசகர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றே ஒன்று. இன்று இரவு உங்கள் வீட்டுக் கூடத்தில் ஏதாவது ஒரு நாடகத்தைப் பார்த்துச் சிரித்தீர்களானால், நடித்தவரின் பெயரோடு எழுதியவரின் பெயரையும் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். அந்தப் பெயரை நாலு பேரிடம் சொல்லுங்கள். 'இலக்கியம் அல்லதான், இருந்தாலும்' என்று இழுக்காமல் சொல்லுங்கள். காப்பகங்களையும் பரிசுக் குழுக்களையும் நம்பி அந்த எழுத்தாளரை விட்டுவைத்தால், அவர் பெயருக்கும் ஒருநாள் ஜன்னல் வைப்பார்கள், எழுத்துத்தான் இருக்காது.